மந்திர ஊசியிடம் மூன்று கேள்விகள்

மாயாஜாலக் கதைகளில் வழிகாட்டும் கருவிகளுக்குப் பஞ்சமே இல்லை. நாட்டின் படத்தைத் தானே வரைந்துகொள்ளும் தோல்சுருள், புதையல் இருக்கும் பக்கம் திரும்பும் முள், ஏழு கடலுக்கு அப்பால் உள்ள தீவைத் தன் நீரில் காட்டும் கிண்ணம் என்று எத்தனையோ உண்டு. மாணவ நண்பர்களே, நீங்களும் அத்தகைய கதைகளைப் படித்திருப்பீர்கள். உங்களில் சிலர் எழுதியும் இருப்பீர்கள்.

இக்கதைகளைப் பற்றிப் பெரியவர்களிடையே இரண்டு கட்சிகள் உண்டு. "விஞ்ஞானம் படிக்கும் பிள்ளைகளுக்கு மந்திரமும் மாயமும் எதற்கு? மூடநம்பிக்கைதான் வளரும்" என்பது ஒரு கட்சி. "கதைதானே! அதில் போய்க் கணக்குப் பார்க்கலாமா?" என்பது மற்றொரு கட்சி. கல்லூரியில் இயற்பியல் கற்பிக்கும் எனக்கு இரண்டு கட்சியோடும் உடன்பாடு இல்லை. மந்திரக் கருவி கதையில் இருக்கட்டும். அதனால் விஞ்ஞானத்திற்கு ஒரு குறையும் வந்துவிடாது. ஆனால் அதைக் கேள்வி கேட்காமல் விடக்கூடாது. மந்திரவாதி செய்த கருவியானாலும் சரி, தொழிற்சாலையில் செய்த கருவியானாலும் சரி, அதனிடம் மூன்று கேள்விகள் கேட்க வேண்டும் என்பதே என் கட்சி.

முதல் கேள்வி: இதற்குச் செய்தி எங்கிருந்து வருகிறது?

இரண்டாம் கேள்வி: இது எவ்வளவு தவறும்?

மூன்றாம் கேள்வி: தவறினால் அது நமக்கு எப்படித் தெரியும்?

இதை வெறும் உபதேசமாகச் சொல்லிவிட்டுப் போவானேன்? நாமே ஒரு மந்திரக் கருவியைச் செய்து, அதனிடம் இந்தக் கேள்விகளைக் கேட்டுப் பார்ப்போமா?

ஊர்நோக்கி ஊசி

எப்போதும் மூடுபனி சூழ்ந்த ஒரு கடல். அதில் நூற்றுக்கணக்கான தீவுகள். இப்படி ஓர் உலகத்தைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். அங்கே ஒவ்வொரு துறைமுகத்திலும் ஒருவகைக் கல் கிடைக்கிறது. அந்தக் கல்லில் செதுக்கிய ஊசியை நூலில் கட்டித் தொங்கவிட்டால், அது தான் பிறந்த துறைமுகத்தை நோக்கித் திரும்பி நிற்கும். எவ்வளவு தொலைவு கொண்டு சென்றாலும் நேர்கோட்டில் தன் ஊரையே காட்டும். இதற்கு ஊர்நோக்கி ஊசி என்று பெயர் வைப்போம்.

கல்லுக்குத் தன் ஊர் எப்படி நினைவிருக்கிறது? அதுதான் மந்திரம். கதாசிரியருக்கு இந்த ஒரு பொய்யை அனுமதித்துவிடுவோம். ஆனால் இரண்டாவது பொய்க்கு அனுமதி இல்லை. இனிமேல் நடப்பதெல்லாம் கணக்குப்படியே நடக்க வேண்டும்.

ஓர் ஊசியை மட்டும் வைத்திருக்கும் மாலுமியின் நிலை என்ன? ஊர் எந்தத் திசையில் இருக்கிறது என்று அவனுக்குத் தெரியும். எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று தெரியாது. ஊசி காட்டும் திசையிலேயே படகைச் செலுத்தினால் ஒருநாள் ஊர் வந்து சேரலாம். நடுவில் உள்ள பாறையில் மோதியும் சாகலாம். ஊசிக்குத் தன் ஊர் தெரியுமே தவிர, பாறை தெரியாது.

இப்போது இரண்டு வெவ்வேறு துறைமுகங்களின் ஊசிகள் அவனிடம் இருப்பதாக வைத்துக்கொள்வோம். வடக்குத் திசையை ஏதோ ஒரு விண்மீன் பனியின் இடைவெளியில் காட்டிக் கொடுக்கட்டும். அவனிடம் ஒரு வரைபடமும் இருக்கட்டும். முதல் ஊசி காட்டும் திசையைக் கொண்டு, முதல் துறைமுகத்திலிருந்து வரைபடத்தில் ஒரு கோடு இழுக்கிறான். இரண்டாம் துறைமுகத்திலிருந்து மற்றொரு கோடு. இரண்டு கோடுகளும் வெட்டிக்கொள்ளும் இடத்தில்தான் அவன் படகு இருக்க வேண்டும். பார்த்தீர்களா? ஓர் ஊசி தராத விடையை இரண்டு ஊசிகள் தந்துவிட்டன. இதற்கு இரண்டாவது மந்திரம் எதுவும் தேவைப்படவில்லை. ஒன்பதாம் வகுப்பு வடிவியலே போதுமானதாக இருந்தது.

பிழையைக் கேட்போம். ஊசியின் நிலையை 1 டிகிரி தவறாகப் படித்துவிட்டால் என்ன ஆகும்? துறைமுகம் 57 கிலோமீட்டர் தொலைவில் இருந்தால், கோடு ஏறக்குறைய 1 கிலோமீட்டர் விலகிவிடும். 570 கிலோமீட்டர் தொலைவில் இருந்தால், விலகல் 10 கிலோமீட்டர். ஆகவே, தூரத்து ஊசியைவிடப் பக்கத்து ஊசியையே மாலுமி அதிகம் நம்ப வேண்டும். இரண்டு துறைமுகங்களும் ஒரே திசையில் இருந்துவிட்டால் கோடுகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்துவிடும். எங்கே வெட்டுகின்றன என்றே தெரியாது.

மூன்றாம் கேள்விக்கு மூன்றாவது ஊசி விடை சொல்லும். மூன்று கோடுகள் வரைந்தால் அவை பெரும்பாலும் ஒரே புள்ளியில் சந்திக்க மாட்டா. நடுவில் ஒரு சிறு முக்கோணம் விழும். அந்த முக்கோணம் பெரிதாக இருந்தால், ஏதோ ஓர் ஊசி தவறுகிறது என்று பொருள். தன் பிழையைத் தானே காட்டிக்கொடுக்கும் ஏற்பாடு இது. கடலில் சென்ற உண்மையான மாலுமிகளும் கலங்கரை விளக்கங்களையும் மலை முகடுகளையும் பார்த்து இதே முறையில்தான் தங்கள் இடத்தைக் குறித்தார்கள்.

ஊசி சொன்ன இரகசியம்

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. ஊசி தன் ஊரை நேர்கோட்டில் காட்டும் என்று விதி வைத்தோம். அந்த உலகம் நம் பூமியைப் போல உருண்டையாக இருந்தால் என்ன நடக்கும்?

ஊர் அடிவானத்திற்குக் கீழே போய்விடும். நேர்கோட்டில் காட்டுவதற்கு ஊசி தரையைத் துளைத்துக்கொண்டு கீழ்நோக்கிச் சாய வேண்டும். எவ்வளவு சாயும்? உலகத்தின் மையம், ஊர், படகு ஆகிய மூன்று புள்ளிகளையும் இணைத்து ஒரு முக்கோணம் வரைந்து பாருங்கள். மையத்திலிருந்து ஊருக்கும் படகுக்கும் ஒரே தூரம். ஆகவே அது இருசமபக்க முக்கோணம். கோணங்களின் கூடுதல் 180 டிகிரி என்பதை வைத்துக் கணக்கிட்டால், ஊசியின் சாய்வு மையக் கோணத்தில் சரிபாதி என்று தெரியவரும். பூமியின் அளவுள்ள உலகமானால், 1 டிகிரி மையக் கோணத்திற்கு மேற்பரப்பில் சுமார் 111 கிலோமீட்டர். எனவே ஊசி 1 டிகிரி சாய வேண்டுமானால் படகு 222 கிலோமீட்டர் செல்ல வேண்டும். 10,000 கிலோமீட்டர் சென்றால் சாய்வு 45 டிகிரி. உலகத்தின் நேர் எதிர்ப்புறத்திற்குப் போய்விட்டால் ஊசி செங்குத்தாகக் கீழே காட்டும்.

இதன் விளைவு சாதாரணமானதன்று. படகோட்டியின் மகள் ஒருத்தி, நீண்ட பயணத்தில் தினந்தோறும் ஊசியின் சாய்வைக் குறித்து வருகிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். உலகம் தட்டையாக இருந்தால் ஊசி சாயவே சாயாது. அது சாய்கிறது, போகப் போக அதிகம் சாய்கிறது. பனியில் ஒரு நாளும் அடிவானத்தைக் கண்டிராத அந்தப் பெண், தன் உலகம் உருண்டை என்பதையும், அதன் சுற்றளவு எவ்வளவு என்பதையும் கண்டுபிடித்துவிடுவாள்! ஒரு மந்திரத்தை வைத்துக்கொண்டு மற்றதையெல்லாம் கணக்குப்படி நடத்தியதால் கிடைத்த பரிசு இது. எந்த அரக்கனும் எந்தத் தேவதையும் வந்து கதையில் இவ்வளவு பெரிய திருப்பத்தைத் தர முடியாது.

நல்ல கதைகளில் விதி உண்டு

"மந்திரத்திற்குக் கணக்குக் கேட்டால் கதையின் சுவை கெட்டுவிடாதா?" என்று கேட்கலாம். மக்கள் விரும்பிப் படித்த, பார்த்த கதைகளையே எடுத்துக்கொள்வோம்.

ஜே.கே. ரௌலிங் எழுதிய ஹாரி பாட்டர் வரிசையின் மூன்றாம் நூல் 1999இல் வெளிவந்தது. அதில் மந்திரப் பள்ளிக்கூடம் ஒன்றின் வரைபடம் வருகிறது. பள்ளியில் நடமாடும் ஒவ்வொருவரையும் அது பெயருடன் ஒரு புள்ளியாகக் காட்டும். மாயப் போர்வைக்குள் மறைந்திருப்பவரும் அதிலிருந்து தப்ப முடியாது. ஆனால் அது எல்லை உள்ள வரைபடம். அந்தப் பள்ளியைத் தவிர வேறு ஊரைக் காட்டாது. பள்ளிக்குள்ளேயே ஓர் இரகசிய அறை அதில் தெரியாது. ஆள் இருக்கும் இடத்தைக் காட்டுமே தவிர, அவர் மனத்தில் இருப்பதைக் காட்டாது. இந்த விதிகளை ஆசிரியர் மீறாததால்தான், இறந்துவிட்டதாக எல்லாரும் நம்பிய ஒருவனின் பெயர் அதில் தோன்றும்போது நமக்குத் தூக்கிவாரிப் போடுகிறது. நினைத்ததையெல்லாம் காட்டும் வரைபடமாக இருந்தால் அந்த அதிர்ச்சி ஏது?

2003இல் தொடங்கிய 'பைரேட்ஸ் ஆஃப் தி கரீபியன்' என்ற திரைப்பட வரிசையில் ஜாக் ஸ்பாரோ என்ற கடற்கொள்ளையனிடம் ஒரு திசைகாட்டி இருக்கிறது. அது வடக்கைக் காட்டாது. கையில் வைத்திருப்பவர் எதை மிகவும் விரும்புகிறாரோ அதைக் காட்டும். நம் முதல் கேள்விக்கு இங்கே தெளிவான விடை உண்டு: செய்தி வருவது வைத்திருப்பவரின் மனத்திலிருந்து. ஆகவே அவருக்கே தமக்கு என்ன வேண்டும் என்று தெரியாதபோது முள் சுற்றிக்கொண்டே இருக்கிறது. கருவியின் குறைதான் அங்கே கதையாகிறது.

எனவே, கேள்வி கேட்டால் கதை கெடும் என்ற அச்சம் வேண்டியதில்லை. எதையும் செய்யும் கருவி என்பதுதான் சலிப்பூட்டும் கருவி.

காந்தமும் பூண்டும்

இந்த மூன்று கேள்விகளும் கதைக்கு மட்டும் உரியவை அல்ல. இன்று பள்ளிச் சோதனைச் சாலையில் கிடக்கும் காந்த ஊசியும் ஒரு காலத்தில் மந்திரப் பொருளாகவே இருந்தது. சீனாவில் முதலில் மனை பார்ப்பதற்கும் குறி பார்ப்பதற்கும்தான் காந்தக் கல்லைப் பயன்படுத்தினார்கள். கப்பலுக்கு அது பின்னர்தான் சென்றது. ஷென் குவோ என்ற சீன அறிஞர் 1088 வாக்கில் எழுதிய நூலில், ஊசி சரியாகத் தெற்கைக் காட்டாமல் சற்றுக் கிழக்கே விலகி நிற்கிறது என்று குறித்து வைத்தார். மற்றவர்கள் வியந்து பார்த்த பொருளிடம் அவர் நம் இரண்டாம் கேள்வியைக் கேட்டிருக்கிறார்.

ஐரோப்பிய மாலுமிகளிடையே வேறு கதைகள் உலவின. பூண்டின் வாடை பட்டால் காந்தம் தன் சக்தியை இழந்துவிடும் என்பது அவற்றுள் ஒன்று. இத்தாலியரான டெல்லா போர்ட்டா ஒரு காந்தத்தின் மேல் பூண்டுச் சாற்றைப் பூசியே பார்த்துவிட்டார். ஒன்றும் நேரவில்லை. இதை அவர் தெரிவித்த, 1589இல் வந்த நூலின் பெயர் என்ன தெரியுமா? 'இயற்கை மந்திரம்'! பெயரில் மந்திரம் இருந்தால் என்ன? உள்ளே சோதனை இருந்ததே!

ஊசி வடக்கை நாடுவதற்குத் துருவ நட்சத்திரம் காரணம் என்றனர் சிலர். வடகோடியில் உள்ள ஒரு காந்த மலை காரணம் என்றனர் வேறு சிலர். 1569இல் மெர்க்கேட்டர் வெளியிட்ட புகழ்பெற்ற உலகப் படத்தில் வடதுருவத்தில் ஒரு கரும்பாறையே இடம்பெற்றது. 1600இல் இங்கிலாந்தின் வில்லியம் கில்பர்ட், காந்தக் கல்லை உருண்டையாகக் கடைந்து, அதன்மேல் சிறு ஊசியை நகர்த்திப் பார்த்தார். பூமியின்மேல் ஊசி எப்படித் திரும்புகிறதோ, எப்படிச் சாய்கிறதோ, அப்படியே இந்த உருண்டையின் மேலும் திரும்பியது, சாய்ந்தது. எனவே மலையும் வேண்டாம், நட்சத்திரமும் வேண்டாம். பூமியே ஒரு காந்தம் என்று அவர் முடிவு கட்டினார்.

ஆம், உண்மையான காந்த ஊசியும் சாயும்! அந்தச் சாய்வை அளந்து, மேகம் மூடிய நாளிலும் கப்பல் எந்த அட்சரேகையில் இருக்கிறது என்று கண்டுபிடிக்கலாம் என்றுகூடக் கில்பர்ட் கருதினார். நம் ஊர்நோக்கி ஊசியின் அண்ணன் போன்ற யோசனை. ஆனால் பூமியின் காந்தப்புலம் எங்கும் ஒரே ஒழுங்காக இல்லாததால் அது நடைமுறைக்கு உதவவில்லை. கற்பனை உலகத்தில் விதியை நாம் வைக்கிறோம். உண்மை உலகத்தில் விதி என்னவென்று இயற்கையிடம் கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

நாயும் கடிகாரமும்

கடலில் தீர்க்கரேகையைக் கண்டுபிடிப்பது நீண்ட காலம் தீராத சிக்கலாக இருந்தது. 1707இல் பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் நான்கு, தாங்கள் இருக்கும் இடத்தைத் தவறாகக் கணித்ததால் சில்லி தீவுகளின் பாறைகளில் மோதி மூழ்கின. 1,400 பேருக்கு மேல் இறந்தனர்.

சிக்கலின் அடிப்படை எளியது. பூமி 24 மணியில் 360 டிகிரி சுழல்கிறது. அதாவது 1 மணிக்கு 15 டிகிரி. கப்பலில் நண்பகல் ஆகும்போது லண்டனில் மணி என்ன என்று தெரிந்துவிட்டால், லண்டனிலிருந்து எத்தனை டிகிரி கிழக்கே அல்லது மேற்கே இருக்கிறோம் என்று சொல்லிவிடலாம். ஆனால் நடுக்கடலில் லண்டன் மணியை யார் சொல்வது?

1688இல் லண்டனில் வெளியான பெயரற்ற ஒரு சிறு நூல் இதற்கு மந்திர வழி ஒன்று கூறியது. ஒரு நாய்க்குக் காயம் உண்டாக்கிக் கப்பலில் ஏற்ற வேண்டும். காயத்தில் கட்டிய துணியை லண்டனிலேயே வைத்துக்கொள்ள வேண்டும். தினந்தோறும் நண்பகலில் அத்துணியை 'அனுதாபப் பொடி' கரைத்த நீரில் தோய்த்தால், எத்தனை தூரத்தில் இருந்தாலும் அந்த நாய் வலியால் குரைக்கும். கப்பல் தலைவர் லண்டனில் நண்பகல் ஆகிவிட்டது என்று அறிந்துகொள்ளலாம். ஆசிரியர் இதைப் பரிகாசமாகவே எழுதினார் என்று கருதுவோரும் உண்டு. ஆனால் அத்தகைய பொடியின் ஆற்றலை நம்பியவர்கள் அக்காலத்தில் உண்மையிலேயே இருந்தார்கள்.

1714இல் பிரிட்டிஷ் பாராளுமன்றம், தீர்க்கரேகையை அரை டிகிரிக்குள் சொல்லும் முறைக்கு 20,000 பவுன் பரிசு அறிவித்தது. ஜான் ஹாரிசன் என்ற தச்சர் பல்லாண்டுகள் உழைத்து, கப்பல் ஆட்டத்திலும் தவறாமல் ஓடும் கடிகாரங்களைச் செய்தார். அவருடைய நான்காவது கடிகாரம் 1761இல் ஜமைக்காவுக்குப் புறப்பட்டது. அதன் வழக்கமான தாமதத்தைக் கழித்துப் பார்த்தபோது, 81 நாள் கழித்து அது தவறியது சுமார் 5 வினாடிதான். தூரக் கணக்கில் இரண்டு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம்.

நாய், கடிகாரம் இரண்டும் வாக்களித்தது ஒன்றையேதான்: லண்டன் மணியைக் கப்பலுக்குக் கொண்டு செல்வது. வேறுபாடு எதில் இருக்கிறது? நாய் வேறு காரணத்திற்காகக் குரைத்தால் என்ன செய்வது? குரைக்க மறந்தால்? விடை இல்லை. கடிகாரம் எவ்வளவு தவறும் என்பதைக் கரையில் வைத்தே பல மாதங்கள் சோதித்துச் சொல்ல முடிந்தது. கருவியின் பெருமை தவறாமையில் இல்லை. தன் தவற்றின் அளவைச் சொல்ல முடிவதில்தான் இருக்கிறது.

உயிரைக் குடித்த மந்திரக்கோல்

"இவையெல்லாம் பழங்கதை, இன்று யார் ஏமாறப் போகிறார்கள்?" என்று நினைத்துவிடாதீர்கள். பிரிட்டனில் ஜேம்ஸ் மக்கார்மிக் என்பவர் ஏ.டி.இ. 651 என்ற பெயரில் ஒரு கருவியை விற்றார். ஒரு கைப்பிடி, அதில் தாராளமாக ஆடும் ஒரு கம்பி. வெடிகுண்டு எங்கே இருக்கிறதோ அந்தப் பக்கம் கம்பி திரும்பும் என்றார்கள். ஒன்றின் விலை 40,000 டாலர் வரை. ஈராக் அரசு இவற்றை ஏராளமாக வாங்கிக் காவல் சாவடிகளில் கொடுத்தது.

செய்தி எங்கிருந்து வருகிறது? கருவியில் மின்கலம் இல்லை. குண்டை அடையாளம் காட்டும் என்று சொல்லப்பட்ட அட்டையைப் பிரித்துப் பார்த்தபோது, கடைகளில் திருட்டைத் தடுக்கப் பொருள்களில் ஒட்டும் சாதாரணச் சீட்டுதான் இருந்தது. எடுத்துக்காட்டாகக் கொண்ட மூலப்பொருளோ, தொலைந்த கோல்ஃப் பந்தைத் தேடித்தருவதாக விற்ற ஒரு விளையாட்டுச் சாமான். அப்படியானால் கம்பி ஏன் திரும்பியது? தாராளமாக ஆடும் கம்பிக்கு மணிக்கட்டின் மிகச் சிறு சாய்வே போதும். பிடித்திருப்பவர் யாரைச் சந்தேகிக்கிறாரோ அவர் பக்கம் கை தன்னை அறியாமல் சாயும். செய்தி வந்தது குண்டிலிருந்து அன்று, காவலரின் மனத்திலிருந்து. ஜாக் ஸ்பாரோவின் திசைகாட்டியேதான்! திரையில் பார்த்தபோது சிரித்தோம். சாவடியில் அது மரணமாயிற்று. இக்கருவி புழங்கிய பாக்தாத் நகரில், 2009 அக்டோபரில் ஒரே நாளில் நடந்த குண்டுவெடிப்பில் 150 பேருக்கு மேல் மாண்டனர்.

மந்திரமோ விஞ்ஞானமோ, குண்டைக் கண்டுபிடித்தால் சரி என்ற பொருளில் அந்நாட்டு உயர் அதிகாரி ஒருவர் அப்போது பேசினார். அந்த 'கண்டுபிடித்தால்' என்ற சொல்லைத்தான் யாரும் சோதித்துப் பார்க்கவில்லை. 2013இல் மக்கார்மிக்குக்கு 10 ஆண்டுச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது.

நம் ஊர்ப் பக்கத்திலும் உள்ளங்கையில் தேங்காயை வைத்தோ, கவட்டைக் குச்சியைப் பிடித்தோ நிலத்தடி நீரோட்டம் பார்க்கிறார்கள். அதை நம்பிக் கடன் வாங்கி ஆழ்துளைக் கிணறு போடும் உழவரின் நிலையை எண்ணிப் பாருங்கள். சண்டை போட வேண்டாம், சோதனை செய்வோம். பத்து வாளிகளைக் கவிழ்த்த கூடைகளால் மூடி, ஒன்றில் மட்டும் நீர் வைக்கச் சொல்லுங்கள். வைத்தவர் அங்கே நிற்கக்கூடாது. எதில் நீர் என்று சுற்றி நிற்பவர் எவருக்கும் தெரியக்கூடாது. இப்போது தேங்காய் எதைக் காட்டுகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். தற்செயலாக ஒருமுறை சரியாக வர 10இல் 1 வாய்ப்பு. அடுத்தடுத்து இரண்டு முறையும் சரியாக வர 100இல் 1 வாய்ப்பு. இருபது முறை செய்தால் உண்மை தானே வெளிவரும். வாளி நீரும் நிலத்தடி நீரும் ஒன்றா என்று அவர் கேட்டால், அது நல்ல கேள்வியே. எந்த ஏற்பாட்டில் சோதிக்கலாம் என்று அவரையே முன்கூட்டிச் சொல்லச் சொல்லுங்கள்.

சட்டைப் பையில் உள்ள மந்திரம்

கடைசியாக, உங்கள் வீட்டுச் செல்போனுக்கு வருவோம். அதில் ஊர்ப்படத்தைத் திறந்தால் நீங்கள் நிற்கும் இடத்தில் ஒரு நீலப் புள்ளி தெரிகிறது. ரௌலிங்கின் வரைபடத்திற்கு இது எதில் குறைந்தது? இதையும் கேட்போம்.

செய்தி எங்கிருந்து வருகிறது? அமெரிக்காவின் ஜி.பி.எஸ். செயற்கைக் கோள்கள் சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றுகின்றன. ஒவ்வொன்றிலும் அணுக் கடிகாரம் உண்டு. "நான் இந்த இடத்தில் இருக்கிறேன், இப்போது மணி இது" என்று அவை ஓயாமல் ரேடியோ அலைகளில் சொல்லிக்கொண்டிருக்கின்றன. செய்தி வந்துசேரத் தாமதமான நேரத்தைக் கொண்டு போன் தூரத்தைக் கணக்கிடுகிறது. இடத்தைக் குறிக்க மூன்று கோள்கள் போதும். ஆனால் போனில் உள்ள கடிகாரம் அவ்வளவு துல்லியமானதன்று. அதன் பிழையைத் திருத்த நான்காவது கோள் தேவை. நாய்க்கும் ஹாரிசனுக்கும் இருந்த அதே சிக்கல், அதே விடை. மணிதான் இடத்தைச் சொல்கிறது.

எவ்வளவு தவறும்? நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு தவறினால் 30 சென்டிமீட்டர் தவறும். விண்ணில் உள்ள கடிகாரம், ஐன்ஸ்டைனின் சார்பியல் விதிப்படி, தரையில் உள்ளதைவிட நாளொன்றுக்கு ஒரு நொடியின் பத்து லட்சத்தில் 38 பங்கு வேகமாக ஓடுகிறது. இது அற்பமாகத் தோன்றும். ஆனால் அந்த நேரத்தில் ஒளி 11 கிலோமீட்டர் ஓடிவிடும்! இதைக் கணக்கிட்டுத் திருத்திய பிறகுதான், திறந்த வெளியில் சில மீட்டர் பிழையுடன் நமக்கு இடம் தெரிகிறது.

தவறினால் எப்படித் தெரியும்? நீலப் புள்ளியைச் சுற்றி வெளிறிய ஒரு வட்டம் தெரிவதைக் கவனித்திருக்கிறீர்களா? "இந்த வட்டத்திற்குள் எங்கேனும் நீ இருக்கலாம்" என்று கருவி ஒப்புக்கொள்ளும் இடம் அது. புள்ளியைவிட அந்த வட்டத்தின் மேல்தான் எனக்கு மதிப்பு அதிகம். உயர்ந்த கட்டடங்களுக்கு நடுவே போய் நின்றால் வட்டம் விரிவதைக் காணலாம்.

இக்கருவியும் யாரோ ஒருவர் கையில் உள்ளது என்பதையும் மறக்கக்கூடாது. 2000 மே மாதம் வரை அமெரிக்க இராணுவம், பொதுமக்களுக்கான ஜி.பி.எஸ். செய்தியில் வேண்டுமென்றே பிழையைக் கலந்து அனுப்பியது. அதனால் 100 மீட்டர் வரை தவறியது. இந்தியா 'நாவிக்' என்ற தன் சொந்த ஏற்பாட்டுக்கு 2013இல் முதல் கோளை ஏவியது. அக்கோளின் மூன்று அணுக் கடிகாரங்களும் பழுதாகிவிட்டன என்று 2017 ஜனவரியில் செய்தி வந்தது. அதே ஆண்டு அனுப்பிய மாற்றுக் கோள், வெப்பக் கவசம் பிரியாததால் பயன்படாமற் போயிற்று. 2018 ஏப்ரலில் மற்றொன்று ஏவப்பட்டது. கருவிக்கு நோய் வரும். மருத்துவம் பார்க்க நம்மிடம் ஆள் இருக்க வேண்டும். உங்களில் சிலர் அந்த ஆட்களாக வேண்டும்.

என் கோரிக்கை

ஆசிரியர்களுக்கு ஒரு வார்த்தை. மாணவன் ஒருவன் மந்திரத் திசைகாட்டியைப் பற்றிக் கதை எழுதிக் கொண்டுவந்தால், அதைக் கிழித்துப் போடாதீர்கள். "நன்று" என்று கையெழுத்திட்டும் அனுப்பிவிடாதீர்கள். மூன்று கேள்விகளையும் ஓரத்தில் எழுதித் திருப்பிக் கொடுங்கள். அவன் யோசிக்கத் தொடங்கும்போது இயற்பியல் வகுப்பு தானே தொடங்கிவிடும்.

மாணவர்களே, இந்த விடுமுறையில் நீங்களும் ஒரு கருவியைக் கற்பனை செய்யுங்கள். ஒரே ஒரு பொய்யை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். மழையின் மணத்தைக் கொண்டு ஊரைக் காட்டும் குப்பியாக இருக்கலாம். நடந்த காலடிகளை எண்ணி வைக்கும் செருப்பாக இருக்கலாம். அது எங்கே தவறும் என்பதை முதலில் எழுதுங்கள். கதை அந்த இடத்திலிருந்துதான் பிறக்கும். பிறகு உங்கள் ஊரில் யாராவது ஒரு பளபளக்கும் கருவியைக் கொண்டுவந்து, "இது எதையும் கண்டுபிடிக்கும்" என்று சொன்னால், அவரிடமும் அதே மூன்று கேள்விகளைக் கேளுங்கள். முகம் சுளிக்காமல் விடை சொல்பவரிடம் மட்டும் பணத்தைக் கொடுங்கள்.